வரிசையில் என் கல்

ஊருக்கு வந்த அன்று என் வீட்டிலேயே எனக்கு நாற்காலி போட்டார்கள். நீல பிளாஸ்டிக் நாற்காலி, எதிர்வீட்டில் இரவல் வாங்கியது. எங்கள் வீட்டில் நாற்காலி கிடையாது. நாங்கள் தரையில் உட்கார்கிறவர்கள். வெளியாள் வந்தால் மட்டும் ஓடிப்போய் வாங்கி வருவோம். அதில் என்னை உட்காரவைத்து, டேபிள் ஃபேனை என் பக்கம் திருப்பிவிட்டு, புது டம்ளரில் கலர் ஊற்றி என் மகள் நீட்டினாள். கீழே தட்டு வைத்து நீட்டினாள். எனக்கு எரிச்சல் பற்றிக்கொண்டு வந்தது. வாங்கிக் குடித்தேன்.

குவைத்தில் ஒரு வீட்டில் வேலை எனக்கு. சமையல், துணி, தரை, குளியலறை எல்லாம். போகும்போது மகள் ஆறாவது படித்துக்கொண்டிருந்தாள். இடையில் லீவு தரவே இல்லை. இப்போது என்னைவிட உயரமாக நிற்கிறாள். திருவொற்றியூரில் எக்ஸ்பிரஸ் ரோட்டுக்கும் கடலுக்கும் நடுவில் எங்கள் தெரு. வீடு என்றால் ஒரு அறையும் ஒரு சமையல் மூலையும்தான். குவைத்தில் நான் துடைக்கிற குளியலறை ஒன்றுக்குள் எங்கள் வீடு முழுசாக அடங்கும். இதைச் சொன்னால் எல்லாரும் வாயைப் பிளக்கிறார்கள். துடைக்கிறவளுக்குத்தான் தெரியும் அதன் அகலம்.

முதல் சில நாட்கள் நான் விழித்திருந்தேனா தூங்கினேனா என்று சரியாகச் சொல்ல முடியாது. உட்கார்ந்தால் கண் சொருகியது. ரோட்டில் டிரெய்லர்கள் பிரேக்கிலிருந்து காற்றை விடும் சத்தம் வரும். குவைத் வீட்டு வாஷிங் மெஷின் தண்ணீரைக் கக்குகிற மாதிரியே இருக்கும். துணி முடிந்துவிட்டது, எடுக்கணும் என்று எழுந்துவிடுவேன். எழுந்து நின்ற பிறகுதான் சுவரில் உப்புப் பூத்திருப்பது தெரியும். அந்த உப்பை விரலால் தொட்டுப் பார்ப்பேன். அது உதிர்ந்தால் என் வீடு.

கனவிலும் தரைதான் வந்தது. வெள்ளை டைல்ஸ் போட்ட நீளமான நடை. அதன் கடைசியில் கடல். அலை உள்ளே வருகிறது, நான் துடைக்கிறேன், மறுபடியும் வருகிறது. எங்கள் தெருவுக்கு முன்னால் ஒரு காலத்தில் இரண்டு தெருக்கள் இருந்தன. கடல் எடுத்துக்கொண்டது. அப்புறம் பாறைகளைக் கொண்டுவந்து கொட்டினார்கள். கனவில் அந்த இரண்டு தெருவும் தண்ணீருக்கு அடியில் அப்படியே இருக்கின்றன. கோலம்கூட அழியவில்லை. நான் குவைத் வீட்டுச் சாவிக் கொத்தைக் கையில் வைத்துக்கொண்டு ஒவ்வொரு கதவாகப் போட்டுப் பார்க்கிறேன். எதற்கும் சேரவில்லை. மீன்கள் என்னைப் பார்த்து ஒதுங்கி வழி விடுகின்றன. அந்த மரியாதைதான் எனக்குப் பிடிக்கவில்லை.

என் வீட்டுக்காரர் துறைமுகத்துக்கு டிரெய்லர் ஓட்டுகிறார். நான் வந்த மறுநாள் மதியம்தான் வந்தார். வண்டி எக்ஸ்பிரஸ் ரோட்டில் வரிசையில் நின்றுகொண்டிருந்தது. கிளீனரைப் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டு நடந்தே வந்துவிட்டார். வாசலில் நின்று கொஞ்ச நேரம் என்னையே பார்த்தார்.

"இன்னா, வெள்ளையாயிட்ட?"

"வெயில எங்க பாத்தேன்? வூட்டுக்குள்ளயே கெடந்தேன்."

"அங்கயும் வூடுதானா?"

"ஆமா. இன்னொருத்தங்க வூடு."

"நானும் அப்டித்தான். கேபின்லயே குடித்தனம். ரெண்டு பேரும் சேந்து ஒரு வூடு கட்னோம் பாரு, பூனை படுக்கறதுக்கு."

சிரித்தார். நானும் சிரித்தேன். மகள் சோறு போட்டாள். பாதி சாப்பாட்டில் போன் அடித்தது. வரிசை நகர்கிறதாம். கையைச் சரியாகக் கழுவாமலே ஓடினார். அவர் போன பிறகும் டீசல் வாசனை கொஞ்ச நேரம் அறையில் உட்கார்ந்திருந்தது.

எனக்கு அந்த உட்காருதல்தான் வரவில்லை. வாசலில் கிடந்த செருப்புகளை ஜோடி ஜோடியாக அடுக்கினேன். மகள் கூப்பிட்டால் எழுந்து நின்றேன். எல்லாரும் சாப்பிட்ட பிறகு அடுப்பு மூலையில் நின்றபடி தட்டைக் கையில் ஏந்திச் சாப்பிட்டேன். யாரும் சொல்லிச் செய்யவில்லை. உடம்பு செய்தது. மகள் பார்த்துவிட்டாள்.

"யம்மா, இன்னாத்துக்கு நின்னுகினு துன்ற?"

"பழக்கம்."

"இன்னா பழக்கமோ. வா, ஒக்காரு."

தட்டைப் பிடுங்கி, என்னை அந்த நீல நாற்காலியில் உட்காரவைத்துக் கையில் கொடுத்தாள். உப்பு வேண்டும் என்று எழுந்தால், "நீ ஒக்காரு, நான் எட்த்தாறேன்." டப்பா எங்கே இருக்கிறது என்று எனக்குத் தெரியாதுதான். கேஸ், ரேஷன், கரண்ட் எல்லாம் அவள்தான். நன்றாகவே நடத்துகிறாள். குறை சொல்ல ஒன்றும் இல்லை, அதுதான் கோபம். ஒன்று நாற்காலியில் விருந்தாளி, இல்லையென்றால் நின்றுகொண்டு வேலைக்காரி. இரண்டுக்கும் நடுவில் ஒரு தரை இருந்ததே, நான் காலை நீட்டி உட்கார்ந்து கத்துகிற தரை, அது எங்கே போனது? லீவு முடிவதற்குள் அது எனக்கு வேண்டும். கிடைக்காமல் பிளேன் ஏறினால், அடுத்த முறை ஏறி வருவதற்கே எனக்கு ஊர் இல்லை என்று தோன்றியது.

தெருவில் எல்லாரும் இனிப்பாகப் பேசினார்கள். எதிர்வீட்டுக்காரி உட்பட. அவளும் நானும் போடாத சண்டை கிடையாது. ஒரு காலத்தில் எங்கள் சத்தம் கேட்டுத்தான் தெரு விழிக்கும். இப்போது, "வாங்க, சௌக்கியமா, எளச்சிட்டீங்களே" என்றாள். நானும் மரியாதையாக, 'சௌக்கியம்ங்க' என்றேன். குவைத்தில் நான் பேசியதெல்லாம் 'சரிம்மா' என்பதற்கு அரபியில் என்னவோ, அது மட்டும்தான். அங்கே பார்த்த மற்ற தமிழ்ப் பெண்கள் நான் பேசினாலே சிரிப்பார்கள், மெட்ராஸ் பாஷை என்று. அதனால் அவர்களிடமும் வாயைத் திறக்கவில்லை. வாயை மூடியே வைத்திருந்தால் குரலும் உள்ளே சுருங்கிப் போகும்.

எங்கள் தெருமுனையில் கறுப்பு டேங்க் ஒன்று இருக்கிறது. பிற்பகலில் லாரி வந்து அதில் தண்ணீர் நிரப்பும். லாரி எப்போது வரும் என்று எவனுக்கும் தெரியாது, டிரைவருக்கே தெரியாது. அதுவரை ஆள் நிற்க முடியுமா? அதனால் ஆளுக்குப் பதில் ஒரு பொருளை வரிசையில் வைத்துவிட்டுப் போவோம். ஒரு வீட்டுக்குச் செங்கல், ஒரு வீட்டுக்கு உடைந்த பக்கெட், ஒரு வீட்டுக்குச் சைக்கிள் டயர். எங்கள் வீட்டுக்கு அரை அம்மிக் குழவி. கல்யாணமான புதிதில் வீட்டுக்காரர் மேல் இருந்த கோபத்தில் குழவியை வாசலில் போட்டேன். இரண்டாக உடைந்தது. பாதியைக் கொண்டுபோய் வரிசையில் மூன்றாவது இடத்தில் வைத்தேன். கல் நின்றால் ஆள் நின்ற மாதிரி. எவ்வளவு பகை இருந்தாலும் அடுத்தவர் கல்லை யாரும் தொடமாட்டார்கள்.

ஒரு பிற்பகல் நான் தரையில் சுருண்டு தூங்கிக்கொண்டிருந்தேன். மகள் பள்ளிக்கூடத்தில் இருந்தாள். கனவில் அதே வெள்ளை நடை, அதே அலை. எங்கோ ஹாரன் அடித்தது. தண்ணி லாரி. கண் முழுதாகத் திறக்கவில்லை, கை இரண்டு குடத்தை எடுத்துவிட்டது. வெயில் வெள்ளையாக இருந்தது. கொடியில் காய்ந்த துணிகள் மேல் சாம்பல் மெல்லிசாகப் படிந்திருந்தது, எண்ணூர் அனல்மின் நிலையத்துக் காற்று. கால் தானாகப் போய் மூன்றாவது இடத்தில் நின்றது. அங்கே என் குழவி இருந்தது. அப்படியே இருந்தது. ஒரு பக்கம் பாசி பிடித்திருந்தது. அதைப் பார்த்ததும் ஊருக்கு வந்து இறங்கியது போல இருந்தது. பக்கத்தில் குடத்தை வைத்தேன்.

"இன்னாங்க, கொடத்த எடுங்க," என்றாள் எதிர்வீட்டுக்காரி, பின்னாலிருந்து.

"ஏன்?"

"இது என் எடம்."

"கல்லு என்னுது."

"கல்லு உன்னுதுதான். எடம் என்னுது."

"கல்லு ஒருத்திது, எடம் ஒருத்திதா? எந்த ஊரு நாயம் இது?"

"இந்த ஊரு நாயம்தான். நீ எந்த ஊர்லேந்து வந்துக்கீற, அத்த சொல்லு மொதல்ல."

வரிசையில் சிரித்தார்கள். செங்கல் வீட்டு அம்மா சமாதானத்துக்கு வந்தாள். "வுடு மே. பாவம், பாரின்லேந்து வந்துக்குது. மொதல்ல புடிச்சினு போவட்டும்."

அந்தப் 'பாவம்' என் காதில் விழுந்ததும் தூக்கம் போய்விட்டது. வந்த நாளிலிருந்து முதல் முறையாக முழுசாக விழித்தேன்.

"யாருக்குப் பாவம்? எவளும் எனக்கு வழி வுடத் தேவல. மொதல்ல வேணாம், மூணாவது வேணும். நான் வெச்ச கல்லு, நான் நிப்பேன். எவ வந்து எடுக்கறான்னு பாக்கறேன்."

"நிப்பியா? இத்தினி வருசம் எங்க நின்ன? உன் பொண்ணு ஸ்கூலுக்குப் போனா உங்க வூட்டுக் கொடத்த ரொப்புனது எவ தெரியுமா? இந்த இடுப்பு. வந்துட்டா, சென்ட் போட்டுகினு."

"உன்ன யாரு ரொப்பச் சொன்னது?"

"கேளு உன் பொண்ண."

டேங்கின் குழாயில் யாருடைய குடமோ வழிந்து தண்ணீர் தெருவில் ஓடியது. மூடுங்கடி என்று ஒருத்தி கத்தினாள். யாரும் மூடவில்லை, சண்டை நன்றாக இருந்தது. நான் குரலை இன்னும் ஒரு படி ஏற்றினேன். என் குரல் எனக்கே கேட்டது. எங்கோ பெட்டியில் வைத்து மறந்துபோன புடவையைப் பிரித்த மாதிரி இருந்தது, மடிப்புக் கலையாமல்.

மகள் பள்ளிக்கூடப் பையோடு வந்து நின்றாள்.

"இன்னா நடக்குது இங்க?"

"உங்கம்மாவ கேளு," என்றாள் எதிர்வீட்டுக்காரி.

மகள் என்னைப் பார்த்தாள். விருந்தாளியைப் பார்க்கிற பார்வை இல்லை. "யம்மா, அது அவங்க எடம். நான்தான் மாத்திக் குட்த்தேன். அவங்களுக்கு இடுப்பு வலி, ரொம்ப நேரம் நிக்க முடியாது. அதுக்குப் பதிலா அவங்க நம்ம கொடத்தையும் ரொப்பி வெக்கறாங்க. நம்ம எடம் கடைசி. அதோ, பெயிண்ட் டப்பா."

"எங்கிட்ட சொல்லவே இல்ல?"

"தண்ணி வரிசைய போன்ல சொல்வாங்களா? வந்த நாள்லேந்து தூங்கிகினே கீற. எழுந்த அன்னிக்கே சண்டையா? எடு கொடத்த. மானம் போவுது." பிறகு, "லீவு முடியற வரிக்கும் இனிமே நீதான் வந்து நிக்கணும். அவங்க இடுப்பு ஒடையுது," என்றாள்.

குடங்களை எடுத்தேன். "அந்தக் கல்லையும் தூக்கினு போ மே," என்றாள் எதிர்வீட்டுக்காரி. "வருசக்கணக்கா என் கால இடிக்குது. அடுத்தவ கல்லாச்சேன்னு பொறுத்துகினு கீறேன்." குழவியைத் தூக்கினேன். கனத்தது. கடைசிக்குக் கொண்டுபோய் பெயிண்ட் டப்பாவைத் தள்ளிவிட்டு வைத்தேன்.

சாயங்காலம் எதிர்வீட்டுக்காரி எங்கள் வாசலில் வந்து நின்றாள். முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு, "நாற்காலியக் குடு," என்றாள். "நாங்க ஒக்காரணும்."

"எடுத்துகினு போ. உன் நாற்காலிய எவ கேட்டா?"

அவள் நாற்காலியைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு போனாள். மகள் கதவோரம் நின்று பார்த்துவிட்டு, தலையில் அடித்துக்கொண்டாள். "உன்னோட முடியல." பிறகு வேறு வழி இல்லாமல் இரண்டு தட்டையும் தரையில் வைத்தாள். நான் உட்கார்ந்து காலை நீட்டினேன். தரை சூடாக இருந்தது. "உப்பு எங்க?" என்று கேட்டேன். "அடுப்புக்குப் பின்னாடி. எழுந்து எடு," என்றாள், சாப்பிட்டுக்கொண்டே. எழுந்து எடுத்தேன்.

மறுநாளிலிருந்து பிற்பகலில் நான்தான் வரிசையில் நின்றேன். மகள் சொன்ன வேலை. கடைசி இடத்தில் நின்றால் வெயில் நேராக முகத்தில் விழும். ரோட்டில் டிரெய்லர்கள் நிற்கின்றன, அவற்றில் ஏதோ ஒன்றில் என் வீட்டுக்காரர் நிற்கிறார். இங்கே நான் நிற்கிறேன். டேங்குக்குள் தண்ணீர் விழும் சத்தம் தூரத்தில் கடல் உள்ளே வருவது போல இருக்கும். கண் சொருகும். வெள்ளை நடை வரும், அலை வரும். ஆனால் என் கையில் துடைப்பான் இல்லை. அலை வந்து கால் விரலை நனைத்துவிட்டுப் போகும், நான் பார்த்துக்கொண்டே இருப்பேன்.

கடைசி இடத்துக்குப் பின்னாலும் ஆள் உண்டு. கல் இல்லாதவர்கள், புதிதாகக் குடி வந்தவர்கள். எனக்குப் பின்னால் ஒரு வடக்கத்திப் பெண் நிற்பாள். புருஷனுக்கு எண்ணூர்ப் பக்கம் கட்டட வேலை. எங்கள் தெருவில் கற்ற தமிழ்தான் அவளுக்கு, வேறு தமிழ் தெரியாது. ஒருநாள் குடத்தால் என் முதுகில் இடித்தாள்.

"இன்னாக்கா, நின்னுகினே தூங்கறியா? நவுரு."

குழவியைக் காலால் முன்னுக்குத் தள்ளிக்கொண்டு நகர்ந்தேன்.