மேடில்லாத ஊரில் என் அக்கா

இந்த நாட்டில் சைக்கிள் மிதித்தால் மூச்சு வாங்காது. எங்கே போனாலும் ஒரே மட்டம். நெதர்லாந்துக்கு வந்த புதிதில் யாராவது வழி கேட்டால், "கடை கொஞ்சம் கீழே இருக்கிறது" என்பேன். அவர்கள் தரையைப் பார்ப்பார்கள். பழகிப்போன வாயை என்ன செய்வது? இலங்கை மலைநாட்டில், புசல்லாவையில் எங்களுக்கு எல்லாமே ஏற்றமும் இறக்கமும்தான். கண்டிக்குக் கீழே இறங்குவோம், நுவரெலியாவுக்கு மேலே ஏறுவோம். தேயிலைத் தோட்டத்துக்குள்ளும் மேற்கணக்கு, கீழ்க்கணக்கு என்று இரண்டு பிரிவுகள், நடுவில் ஓடை, ஓடைக்கு மேலே மாரியம்மன் கோயில். ஒரு சரிவுக்குப் பெயர் கோப்பிமலை. அங்கே மருந்துக்குக்கூட ஒரு கோப்பிச் செடி கிடையாது. தேயிலைக்கு முன்னால் காடு வெட்டிக் கோப்பி நட்டவர்கள் விட்டுப்போன பெயர் அது. அவர்களுடைய கல்லறை எங்கே என்று யாருக்கும் தெரியாது.

அந்தக் கோப்பிமலையில் கொழுந்து பறித்து என்னைப் படிக்கவைத்தவள் என் அக்கா. என் பிரசவத்துக்கு ஒத்தாசையாக இங்கே வந்திருந்தாள். ஒருநாள் காலை, பால் வாங்கப் போனவள் திரும்பவில்லை. கைத்தொலைபேசி மேசையிலேயே கிடந்தது. வெளியே மூடுபனி, தெருவோரமெல்லாம் வாய்க்கால். அவளுக்கு நீந்தத் தெரியாது. பிள்ளையை வண்டியில் போட்டுத் தள்ளிக்கொண்டு ஓடினேன். தெருவுக்குத் தெரு ஒரே அச்சில் வார்த்த வீடுகள். எனக்கு அழுகை வந்துவிட்டது.

அப்போதுதான் ஒன்று நினைவுக்கு வந்தது. தோட்டத்தில் பனி இறங்கி வழி தெரியாமல் போனால் யாரும் அலையமாட்டார்கள். பக்கத்தில் இருக்கும் மேட்டில் ஏறி நின்று கூவுவார்கள். கீழிருந்து யாராவது பதிலுக்குக் கூவ, அந்தக் குரலைப் பிடித்து இறங்கி வருவார்கள். இந்த ஊரில் மேடு என்றால் ஒன்றே ஒன்றுதான்: கடலைத் தடுக்கக் கட்டிய கரை. டைக் என்பார்கள்.

கரையை நெருங்கும்போதே கூவல் கேட்டது. ஆனால் இரண்டு குரல்கள். ஏறிப் பார்த்தால், அக்காவுக்குப் பக்கத்தில் ஒரு டச்சுக்கார அம்மாவும் வாயில் கைகுவித்துக் கூவிக்கொண்டிருந்தார்.

"இவருடைய நாய் தொலைந்துவிட்டது போலிருக்கிறது. பெயரைக் கேட்டால் சொல்லமாட்டேன் என்கிறார்" என்றார் என்னிடம், மிகுந்த கவலையோடு.

அழுதுகொண்டே சிரித்தேன். "எங்கக்கா போன? உசுரே போயிருச்சு!"

"நா எங்கயும் போகல புள்ள. எல்லா வூடும் ஒரே மாதிரி இருந்திச்சு, மேல ஏறி நின்னுட்டேன். நீ தேடி வருவேன்னு தெரியும்."

பனி மெல்ல விலகியது. கீழே வரிசை வரிசையாக ஒரே நிறக் கூரைகள்.

"இதுல உன் வூடு எது? காட்டு பாப்போம்."

கோப்பிமலையில் நின்றால் கீழே லயத்து வரிசை வீடுகளில் எது யார் வீட்டு விளக்கு என்று இப்போதும் சொல்வேன். இங்கே எனக்குத் தெரியவில்லை. ஏதோ ஒரு கூரையைக் கைகாட்டினேன்.

அக்கா கண்ணைச் சுருக்கிக்கொண்டு அதையே பார்த்தாள்.

"நல்லாத்தான் இருக்கு" என்றாள்.