அம்மாவின் வெள்ளரி வாளிகளும் சித்தி ஊற்றிய தண்ணீரும்

அன்புள்ள பிள்ளைகளே,

நான் எட்டாவதோடு நின்றவன். உங்கள் அம்மாவின் நினைவு மலரில் என்ன எழுதுவது என்று அச்சகத்தில் கேட்டேன். "பொறந்தது, வளந்தது, நல்ல குணம், கடைசியா நன்றி. அம்புட்டுதாண்ணே" என்றார்கள். அப்படியே எழுதப் பார்க்கிறேன். ஆனால் போன அன்று காலைகூட என்னோடு பேசிக்கொண்டிருந்தவரைப் பற்றி 'வாழ்ந்தார்' என்று எழுதக் கை வரவில்லை.

அம்மா பிறந்தது பரளச்சியில். சொந்த நிலம் கிடையாது. சிறு வயதிலேயே தாயாரோடு மிளகாய்க் காட்டுக்குக் களையெடுக்கப் போனவர். ஒரு நாள் வெயில் தாங்காமல் அம்மாவும் அவர் தங்கையும், அதாவது உங்கள் சித்தியும், வரப்போரம் காய்த்திருந்த வெள்ளரியைப் பறித்துக் கடித்துவிட்டார்கள். காட்டுக்காரர் பார்த்துவிட்டார். கடித்ததைத் துப்பச் சொல்லி, துப்பும்வரை நின்றாராம். அம்மா இதைச் சிரித்துக்கொண்டேதான் சொல்வார். சித்தி மட்டும் சிரிக்க மாட்டார்.

கல்யாணமாகிப் பாளையம்பட்டிக்கு வந்தபின் அம்மா மில் வேலைக்குப் போய் உங்கள் இருவரையும் படிக்க வைத்தார். முழங்கால் வலியால் மில்லை விட்டவர், மாடியில் காலி பெயிண்ட் வாளிகளை வரிசையாக வைத்து வெள்ளரி போட ஆரம்பித்தார். முதல் தடவை ஊரிலிருந்து மூட்டையில் கரிசல் மண்ணைக் கொண்டுவந்து நிரப்பினார். காய்ந்ததும் அது கல்லாக இறுகிவிட்டது. எதிர்வீட்டு அக்கா, "ஏத்தா, வெள்ளரி போடப் போறியா, வீடு கட்டப் போறியா?" என்று கேலி செய்தார்.

அம்மா விடவில்லை. செம்மண், மக்கிய ஆட்டுப்புழுக்கை, தேங்காய் நார்த்தூள் எல்லாம் கலந்தார். கம்பியைக் காய்ச்சி வாளிகளின் அடியில் ஓட்டை போட்டார். ஓட்டை அடைத்துவிடாதபடி ஒவ்வொரு வாளியையும் செங்கல் மேல் தூக்கி வைத்தார். "வெள்ளரிக்குத் தாகமும் ஆகாது, தேங்குன தண்ணியும் ஆகாதுங்க. மத்தியானம் எல தொங்குனா தொங்கட்டும். பொழுது சாஞ்சா அதுவா எந்திரிச்சிரும்" என்பார். அம்மா காய் கொடுக்காத வீடு எங்கள் தெருவில் இல்லை. பள்ளிக்கூடம் விட்டு வரும் பிள்ளைகளை நிறுத்தி, நறுக்கி, மிளகாய்ப்பொடி தூவிக் கொடுத்துத்தான் அனுப்புவார்.

அன்று காலை கொடியை இழுத்துக் கட்டிக்கொண்டிருந்தார். "நூலு பத்தாது, கீழ போயி இன்னொரு கண்டு எடுத்துட்டு வாங்க. நேத்து மாதிரி டீயக் குடிச்சிட்டு உக்காந்துறாதீக" என்றார். எடுத்துக்கொண்டு மேலே வந்தேன். கைப்பிடிச் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். களைப்பு என்றுதான் நினைத்தேன். "ஏ புள்ள, இந்தா நூலு" என்றேன். நீட்டிய கையோடு எவ்வளவு நேரம் நின்றேன் என்று தெரியாது. ஆஸ்பத்திரியில், வரும்போதே உயிர் இல்லை என்றார்கள். ஒரு நாள் படுத்திருந்தால்கூட மனம் கொஞ்சம் தயாராகியிருக்கும். இன்னமும் மாடியில் சத்தம் கேட்டால் அம்மாதான் என்று தலை தூக்குகிறேன்.

சொந்தங்கள் உட்கார மாடியில் இடம் வேண்டும் என்று வாளிகளை இறக்கி வாசல் மண்ணில் வைத்தார்கள். செங்கல் விஷயம் அவர்களுக்குத் தெரியாது. மத்தியான வெயிலில் இலைகள் தொங்கின. அப்போதுதான் சித்தி பஸ்ஸை விட்டு இறங்கி ஓடி வந்தார்.

"மச்சான், எங்கக்காவுக்குக் கடைசியா ஒரு வாய்த் தண்ணியாவது ஊத்துனீகளா?"

இல்லை என்று தலையை ஆட்டினேன். உயிர் பிரியும்போது வாயில் தண்ணீர் விட ஆளில்லாமல் போவதை நம் சனங்கள் பெருங்குறையாக நினைப்பவர்கள். சித்தி அழவில்லை. குடத்தை எடுத்தார். "எங்கக்கா வளத்தது, வாடுது பாருங்க" என்று குடம் குடமாக வாளிகளில் ஊற்றினார். அவரைப் பார்த்து, வந்தவர்களும் ஆளுக்கொரு செம்பு ஊற்றினார்கள். மழையை நம்பியே பிழைக்கும் ஊர்க்காரர்கள். வாடிய செடியைப் பார்த்துவிட்டுச் சும்மா போக யாருக்கும் மனம் வராது. சித்தி மறுநாளும் ஊற்றினார், அதற்கடுத்த நாளும் ஊற்றினார். பிறகு பார்த்தால் தண்டு அழுகி அத்தனை கொடியும் படுத்துவிட்டது. வாளியைத் தூக்கினால் ஓட்டையெல்லாம் அடைத்து, உள்ளே சேறு.

மகளே, அப்போது நீ கத்தினாய். "எங்கம்மாதான் போச்சு, அது வச்ச செடியையும் கொன்னுட்டீங்களே சித்தி!"

சித்தி குடத்தை வைத்துவிட்டுப் பையை எடுத்துக்கொண்டு போனார். துக்க வீட்டில் யாரும் 'போயிட்டு வாரேன்' என்று சொல்வதில்லை. அதனால் வழக்கப்படி போனாரா, மனம் விட்டுப்போய்ப் போனாரா என்று எனக்குத் தெரியவில்லை. நீயும் சித்தியும் இன்னும் பேசிக்கொள்ளவில்லை. சித்தி கருமாதிக்கு வராமல் போய்விடுவாரோ என்று பயமாக இருக்கிறது. அம்மாவை இழந்த வீடு சித்தியையும் இழந்தால் நான் தாங்க மாட்டேன்.

செடி தண்ணீரால்தான் செத்தது. மறுக்கவில்லை. ஆனால் சித்தி அந்த வாளிகளில் யாருக்குத் தண்ணீர் ஊற்றினார் என்று கொஞ்சம் யோசித்துப் பார். இதைச் சித்தியும் படிப்பார். படிக்கட்டும்.

அம்மாவை மாடியிலிருந்து தூக்கி இறக்கிய தெருப் பிள்ளைகளுக்கும், சவாரியைப் பாதியில் விட்டு வந்த ஆட்டோ தம்பிக்கும், அடுப்பெரியாத நாட்களில் சோறு கொடுத்தனுப்பிய எதிர்வீட்டு அக்காவுக்கும், வாளிகளில் ஒரு செம்பாவது ஊற்றிய ஒவ்வொருவருக்கும் நாங்கள் கடமைப்பட்டிருக்கிறோம்.

மகளே, மலர் அச்சாகி வந்ததும் முதல் புத்தகத்தோடு பரளச்சிக்குப் பஸ் ஏறு. மன்னிப்பு, விளக்கம் எதுவும் வேண்டாம். வாசலில் நின்று, "சித்தி, தாகமா இருக்கு, தண்ணி குடுங்க" என்று கேள். அவர் கொடுப்பதை மிச்சம் வைக்காமல் குடி.

உங்கள் அப்பா