ஆமையைக் காவிரியில் விடப் போனேன்

மைசூருக்கு நான் போவது இது ஏழாவதோ எட்டாவதோ தடவை. அரண்மனை, சாமுண்டி மலை, எங்கே என்ன சாப்பிடலாம் என்பதெல்லாம் பழைய பதிவுகளில் எழுதித் தீர்த்தாயிற்று, அதைத் தேடி வந்தவர்கள் அங்கே போய்விடுங்கள். இந்தத் தடவை நான் ஊர் சுற்றப் போகவில்லை. பன்னிரண்டு வருடமாக எங்கள் வீட்டில் வளரும் லக்கி என்கிற ஆமையை ஸ்ரீரங்கப்பட்டணத்தில், காவிரியில் விட்டுவிட்டு வரப் போனேன். பொங்கல் முடிந்த வாரம், சனிக்கிழமை கிளம்பி திங்கட்கிழமை திரும்பினேன்.

பூனாவில் இருக்கும் மகள் திவ்யாவுக்கு மாசியில் பிரசவம். நானும் வீட்டுக்காரரும் ஆறு மாதம் அங்கே போய் இருப்பதாக ஏற்பாடு. தாத்தா ஆகப்போகிற சந்தோஷத்தில் அவர் ஒரு மாதமாகத் தொட்டிலுக்கு எந்த மரம் நல்லது என்று திருப்பூர் முழுக்க விசாரித்துக்கொண்டிருந்தார். ஆமை மட்டும் கூடாது என்று திவ்யாவின் டாக்டர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். ஆமை மேல் இருக்கும் கிருமி பச்சைக்குழந்தைக்கு ஆகாதாம். வீட்டைப் பூட்டிவிட்டுப் போனால் லக்கிக்குத் தீனி போட ஆளில்லை. தெரிந்தவர், தெரியாதவர் எல்லோரிடமும் கேட்டுப் பார்த்தேன். அழகாக இருக்கிறது என்பார்கள், எடுத்துக்கொள்ளுங்கள் என்றதும் நழுவிவிடுவார்கள்.

லக்கியை வாங்கிவந்ததும் வீட்டுக்காரர்தான். வாஸ்து பார்க்கிற ஒருவர் வடக்குப் பக்கம் தண்ணீரில் ஆமை இருந்தால் தொழில் ஓஹோ என்று வரும் என்றாராம். மீன் தொட்டிக் கடையிலிருந்து ஒரு பிளாஸ்டிக் பையில் போட்டுக் கொண்டுவந்தார். அப்போது அது ரூபாய் நாணயம் அளவு. இப்போது சாப்பாட்டுத் தட்டு அளவு. தொழில் என்ன ஆயிற்று என்று மட்டும் கேட்காதீர்கள். கண்ணுக்குப் பின்னால் சிவப்புக் கோடு இருக்குமே, அந்த வகை. இன்னும் இருபது வருடம்கூட இருக்குமாம். எனக்கு ஐம்பத்தைந்து வயது, கணக்கை நீங்களே போட்டுக்கொள்ளுங்கள்.

அதற்கு ஏன் மைசூர் வரை என்று கேட்பீர்கள். சாயத் தண்ணீர் ஓடும் எங்கள் நொய்யலின் லட்சணம் ஊருக்கே தெரியும், அதில் விட்டால் லக்கி ஒரு நாள் தாங்காது. ஈரோட்டுக் காவிரி பக்கம்தான், ஆனால் வலைக்குப் பயந்தேன். மேலே போகப் போகத் தண்ணீர் சுத்தமாக இருக்கும் என்று தம்பி பாலு சொன்னான். அவன் மைசூரின் ஹெப்பாள் பகுதியில் ஒரு தொழிற்சாலையில் சூப்பர்வைசர், கல்யாணம் ஆனதிலிருந்தே மைசூர்வாசி. இந்தத் திட்டத்தைப் போன பதிவில் எழுதியதும் 'புண்ணியம் அக்கா', 'பெரிய மனசு' என்று கீழே வந்து குவிந்தது. ஒரே ஒருவர் மட்டும், இது நம் நாட்டு ஆமை இல்லை, மீன் முட்டையைத் தின்னும், நம் ஆமைகள் வெயில் காயும் இடத்தைப் பிடித்துக்கொள்ளும், தயவுசெய்து விடாதீர்கள் என்று எழுதியிருந்தார். எங்கிருந்துதான் வருகிறார்களோ என்று நினைத்துக்கொண்டு போனை மூடிவிட்டேன்.

சனிக்கிழமை காலை ஆறேகாலுக்குத் திருப்பூரில் பஸ். சத்தியமங்கலம் வரை அறுபது கிலோமீட்டர், அங்கே மைசூர் வண்டி மாறி இன்னும் நூற்று நாற்பது. பெரிய பெயிண்ட் வாளியின் மூடியில் ஆணியால் ஓட்டை போட்டு, அடியில் ஈரத்துணி விரித்து லக்கியை உட்கார வைத்திருந்தேன். வாளியில் என்ன என்று கண்டக்டர் கேட்டார். ஆமை என்றேன். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "கடிக்குமாம்மா?" என்றார். கடிக்காதுங்க என்று கூசாமல் சொன்னேன். எனக்கு நூற்றுத் தொண்ணூறு, லக்கிக்கு லக்கேஜ் கணக்கில் ஐம்பது.

பண்ணாரி செக்போஸ்ட்டில் வண்டி நின்றபோது எனக்கு உயிரே போய்விட்டது. ஆமையைக் கொண்டுபோனால் பிடிப்பார்களா, மாட்டார்களா? கிளம்புவதற்கு முன் விசாரித்திருக்க வேண்டும், விசாரித்தால் கூடாது என்று சொல்லிவிடுவார்களோ என்றே விசாரிக்கவில்லை. காக்கிச் சட்டைக்காரர் ஏறி, மேலே ஒரு பார்வை பார்த்துவிட்டு இறங்கிப் போனார். திம்பம் மலையின் இருபத்தேழு வளைவிலும் வாளியைக் கால் இடுக்கில் பிடித்துக்கொண்டேன். பக்கத்துச் சீட்டுப் பெண் ஆசனூர் தாண்டியும் என் பக்கம் திரும்பவில்லை. இரண்டரை மணிக்கு ஹெப்பாளில் தம்பி வீடு.

அன்று ராத்திரி சரியாகத் தூக்கமில்லை. ஸ்ரீரங்கப்பட்டணத்துக்குப் பக்கத்திலேயே பறவைகள் சரணாலயம் இருக்கிறது, அங்கே படகில் போனால் முதலை பார்க்கலாம் என்று நானே இதே வலைப்பதிவில் ஆசை காட்டி எழுதியிருக்கிறேன். அந்த முதலை இப்போது என் கண் முன்னால் வந்து நின்றது. முதலை பிடிக்குமா, நாய் குதறுமா, தொட்டியிலேயே வளர்ந்ததற்கு இரை தேடத் தெரியுமா என்று தம்பியையும் அவன் மகள் மேகனாவையும் மாற்றி மாற்றிக் கேட்டுக்கொண்டிருந்தேன். மேகனா காலேஜில் இரண்டாம் வருடம் படிக்கிறாள். தமிழைவிடக் கன்னடம்தான் அவள் வாயில் சரளமாக வரும்.

ஞாயிறு காலை ஏழு மணிக்கு மூன்று பேரும் தம்பியின் பழைய காரில் கிளம்பினோம். பதினாறு கிலோமீட்டர், அரை மணி நேரம். கோயில் பக்கத்துப் படித்துறையில் ஈமக் காரியம் செய்கிறவர்கள் கூட்டம் இருந்ததால் தள்ளிப் போய், கரும்புக் காட்டு ஓரமாக மண்பாதையில் இறங்கினோம். ஆள் நடமாட்டம் இல்லை. தண்ணீர் முழங்கால் ஆழத்தில் தெளிவாக ஓடியது, நடுவில் பாறைகள், ஒரு பாறையில் நீர்க்காகம். எனக்கு நிம்மதியாக இருந்தது. மேகனாவிடம் போனைக் கொடுத்து, பதிவுக்கு வீடியோ எடுக்கச் சொன்னேன். வாளியைச் சாய்த்து வைத்து மூடியைத் திறந்தேன்.

லக்கி தலையை வெளியே நீட்டியது. அது அவ்வளவு நீளத்துக்குக் கழுத்தை நீட்டி நான் பார்த்ததே இல்லை.

அப்போதுதான் கரை ஓரப் பாறையில் இன்னொரு ஆமை இருப்பதைக் கவனித்தேன். கறுப்பாக, இரண்டு உள்ளங்கை சேர்த்த அளவு, அசையாமல் வெயில் காய்ந்துகொண்டிருந்தது. என் நிழல் பட்டதோ என்னவோ, சரக்கென்று தண்ணீருக்குள் இறங்கிவிட்டது. பாறை காலியாக இருந்தது. வெயில் காயும் இடத்தைப் பற்றி அந்த ஒற்றை ஆள் எழுதியது ஞாபகம் வந்தது.

"அத்தை, பேடா," என்றாள் மேகனா. வேண்டாம் என்பது அவளுக்கு எப்போதும் கன்னடத்தில்தான் முதலில் வரும். "நேத்துலேருந்து லக்கிக்கு என்ன ஆகும், லக்கிக்கு என்ன ஆகும்னே கேக்கறீங்க. லக்கியால என்ன ஆகும்னு ஒரு தடவ கூடக் கேக்கல."

பாலு அவளை அதட்டினான். இத்தனை பெரிய ஆறு, ஒரே ஒரு ஆமை, ஊர்ச் சாக்கடை எல்லாம் வந்து விழுகிற தண்ணீரில் இது மட்டும் வந்து என்ன கெடுத்துவிடப் போகிறது என்றான். அவன் கேட்டதில் தப்பில்லை. ஆனால் அதே பேச்சை நான் திருப்பூரில் முப்பது வருடம் கேட்டிருக்கிறேன். என் ஒரு பட்டறைச் சாயத்தால் நொய்யலுக்கு என்ன ஆகிவிடும் என்று ஒவ்வொருவரும் தனித்தனியாகத்தான் கேட்டார்கள். ஒருவரும் ஆற்றைக் கெடுக்க நினைக்கவில்லை. எங்கள் வீட்டுச் சோறும் அந்தப் பனியன் தொழிலில்தான் வெந்தது. கெட்டுப்போன ஆற்றிலிருந்து தப்பித்து, கெடாத இடமாகத் தேடிப் பிடித்து, இருநூறு கிலோமீட்டர் தாண்டி வந்து நான் செய்யப்போகிற காரியம் இதுதானா என்று என் மேலேயே எனக்கு எரிச்சல் வந்தது.

நான் அசையாமல் நிற்பதைப் பார்த்து, சிரிக்க வைக்கிற நினைப்பில் பாலு சொன்னான்: "நட்டாத்துல உட்டுட்டுப் போயிட்டாங்கன்னு சொல்லுவோமில்லக்கா, அதை நெசமாலுமே செய்யறவ நீ ஒருத்திதான்."

நானும் சிரித்தேன். சிரித்துக்கொண்டே வாளியை மூடிவிட்டேன்.

அதற்குப் பிறகுதான் உண்மையான அலைச்சல். காரில் உட்கார்ந்தபடியே இரண்டு மூன்று இடங்களுக்குப் போன் போட்டோம், எங்கும் எடுத்துக்கொள்ள வழியில்லை. மண்டி மொஹல்லாவில் மீன் தொட்டிக் கடை ஒன்று இருக்கிறது என்று மேகனா சொன்னாள். அந்தச் சந்துகளுக்குள் காரை விடாதீர்கள், வெளியே நிறுத்திவிட்டு நடந்துவிடுங்கள். ஆமைக்குக் கன்னடத்திலும் ஆமெதான், அதனால் நான் வாயைத் திறந்ததுமே கடைக்காரருக்கு விஷயம் புரிந்துவிட்டது. கொடுத்துவிட்டுப் போங்கள், பெரிசாகிவிட்டதால் விலை கிடைக்காது, தோட்டத்துக் குளத்தில் விட யாராவது கேட்டால் கொடுத்துவிடுவேன் என்றார். அவர் சொன்னதில் கள்ளம் இல்லை. அந்தக் குளம் மழைக்கு நிரம்பினால் எங்கே வழியும் என்று கேட்டேன். என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டு அடுத்த ஆளைக் கவனிக்கப் போய்விட்டார். பக்கத்திலேயே ஒரு தொட்டியில் நாணயம் அளவுக் குட்டிகள் ஒன்றின் மேல் ஒன்று ஏறிக்கொண்டிருந்தன, எல்லாவற்றுக்கும் கண்ணுக்குப் பின்னால் சிவப்புக் கோடு.

மத்தியானம் ஒரு கால்நடை மருத்துவரைப் பார்த்தோம், கட்டணம் முந்நூறு. லக்கி நல்ல ஆரோக்கியம் என்றார். பிறகு மேகனாவிடம் கன்னடத்தில் மெதுவாக ஏதோ சொன்னார். அவள் தமிழில் வார்த்தை தேடித் தேடி, "யாருமே வெச்சுக்க முடியலன்னா ஊசி போட்டு ஒரேயடியாத் தூங்க வெச்சுடறதுதான் ஆத்துக்கு நல்லதுங்கறாங்க அத்தை," என்றாள். அந்த மனிதர் மேல் எனக்குக் கோபம் வரவில்லை. பெயர் வைத்து வளர்த்த ஒரு உயிருக்கும், பெயர் தெரியாத ஆயிரம் உயிர்களுக்கும் நடுவில் அவர் நிற்கிற இடத்திலிருந்து அப்படித்தான் சொல்ல முடியும். என்னால் முடியாது. வாளியைத் தூக்கிக்கொண்டு வெளியே வந்து படியில் உட்கார்ந்து அழுதேன், வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன்.

தம்பி வீடு வாடகை வீடு, நாய் பூனைகூடக் கூடாது. சாயங்காலம் திருப்பூரில் இருக்கும் என் வீட்டுக்காரருக்குப் போன் செய்து எல்லாவற்றையும் கொட்டினேன். ஆற்றில் விடவில்லையா என்று ஒரு வார்த்தை திட்டுவார், நானும் பதிலுக்குக் கத்தலாம் என்று இருந்தேன். அவர் திட்டவில்லை.

"திவ்யாகிட்ட நீ மட்டும் போ," என்றார். "நா இங்கயே இருந்துக்கறேன். அதைக் காசு குடுத்து வாங்கியாந்தவன் நானுதானே."

தொட்டில் என்று வாய் வரை வந்ததை நான் கேட்கவில்லை. நம்மை யாரென்றே தெரியாத ஒரு ஆற்றுக்காக ஒரு மனிதர் பேரக்குழந்தையின் முதல் ஆறு மாதத்தை விட்டுக்கொடுப்பது நியாயமா என்று மறுநாள் பஸ் திம்பம் இறங்கும்வரை யோசித்துக்கொண்டே வந்தேன். நியாயமில்லை என்றுதான் இப்போதும் தோன்றுகிறது. அதற்காக அந்தப் பாறையில் காய்ந்துகொண்டிருந்த ஆமையிடம் எங்கள் பொறுப்பைத் தள்ளிவிடலாமா என்றால், அதுவும் முடியவில்லை.

போகிறவர்களுக்கு: சத்தியமங்கலத்திலிருந்து காலை வண்டியில் ஏறினால் மத்தியானச் சாப்பாட்டுக்கு மைசூர் போய்விடலாம், இடது பக்க ஜன்னல் வாங்குங்கள். மலையில் வாந்தி வருகிறவர்கள் வெறும் வயிற்றில் ஏறாதீர்கள். ஸ்ரீரங்கப்பட்டணத்துக்குக் காலை எட்டுக்குள் போனால் கூட்டம் குறைவு. ஆற்றில் எதையும் விடாதீர்கள், மீனையும் ஆமையையும்தான் சொல்கிறேன். ஏற்கனவே வளர்க்கிறவர்கள் என்ன செய்யலாம், என்ன கூடாது என்று வனத்துறையில் கேட்டுவிடுங்கள், என்னைப் போலப் பயந்துகொண்டு கேட்காமல் இருக்காதீர்கள். கடையில் நாணயம் அளவில் பார்த்தால் அப்படியே திரும்பி வந்துவிடுங்கள்.

மேகனா எடுத்த வீடியோ என்னிடம் இருக்கிறது. அதில் லக்கி தண்ணீரைப் பார்த்துக் கழுத்தை நீட்டிக்கொண்டே இருக்கிறது. பிறகு என் கை வந்து மூடியைப் போடுகிறது. அதற்குப் போகத்தான் ஆசை, விடாதது நான். அதை இங்கே போட எனக்கு மனசு வரவில்லை.

குழந்தை பிறந்ததும் இவர் இரண்டு நாள் பூனா வந்து பார்த்துவிட்டுப் போவதாக இப்போதைய ஏற்பாடு. அந்த இரண்டு நாள் லக்கியை யார் பார்த்துக்கொள்வது என்று நினைத்தால் எனக்கு இப்போதே படபடக்கிறது. திருப்பூர்ப் பக்கம் யாராவது இருந்தால் கீழே எழுதுங்கள். ஆற்றங்கரையில் வீடு இருக்கிறவர்கள் மட்டும் வேண்டாம்.