வராந்தாவைப் பிடித்த படம்

எங்கள் ஊர் ஆந்திராவுக்கா மதராஸுக்கா என்று எல்லை பிரித்துக்கொண்டிருந்த காலத்தில், அதைப் பற்றி மனு கொடுக்க நானும் ஊராரும் மாதக்கணக்கில் பஸ் ஏறி தாலுகா ஆபீஸுக்குப் போனோம். காலையிலிருந்து வராந்தாவில் உட்கார்ந்திருப்போம். சாயங்காலம் பியூன் வெளியே வந்து கையை ஆட்டுவார். நாளைக்கு வா என்று அர்த்தம். வாயைத் திறந்து சொல்வதுகூட அவருக்குக் கேவலம்.

ஒருநாள் திருப்பதியிலிருந்து ஒரு காலேஜ் வாத்தியார் கேமராவோடு வந்து அந்த வராந்தாவைப் படம் பிடித்தார். கதை கிடையாது, பாட்டு கிடையாது. காலம் எப்படி நகர்கிறது என்று காட்டும் புதுமாதிரிப் படமாம். நகர்ந்தால்தானே காட்ட முடியும்?

அதைப் பிச்சாட்டூர் டூரிங் டாக்கீஸில் மெயின் படத்துக்கு முன்னால் போட்டார்கள். நாங்கள் உட்கார்ந்திருப்பதை மணலில் உட்கார்ந்து நாங்களே பார்த்தோம். சத்தமே இல்லாத படம். திரையில் ஒருவர் கொட்டாவி விட்டார். கொட்டகையில் பத்துப் பேர் விட்டார்கள். கடைசியில் பியூன் வந்து கையை ஆட்டினார்.

நாங்கள் அத்தனை பேரும் எழுந்து, துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வாசலைப் பார்த்து நடந்தோம்.

"மெயின் படமே இன்னும் போடலையே, எங்க போய்க்கினு இருக்கீங்க?" என்று டிக்கெட் கிழிக்கிறவர் மறித்தார்.

வாத்தியார் ஓடி வந்து என்னைக் கேட்டார். "எவ்வளவு நேரம் ஓடின மாதிரி இருந்தது?"

"ஒருநாள் பூரா சார்."

அவருக்கு முகமெல்லாம் சந்தோஷம். நாலே நிமிஷப் படமாம். எங்களுக்கு மறுநாள் காலை ஆறு மணிக்கு பஸ்.