மின்னாலி நாட்டில் இரண்டு நிலா

ஈரமான ரப்பர் விறகு எரியாது, புகையும். அந்தப் புகைக்குள் உட்கார்ந்துதான் அம்மா ரொட்டி தட்டுவார். நானும் அக்காவும் கண்ணைக் கசக்கிக்கொண்டு லயத்து வாசலுக்கு ஓடிவிடுவோம்... பௌர்ணமிப் போயா அன்றைக்கு நிலா கிளம்பிவிட்டதா என்று பார்க்க.

இலங்கையில் தெரணியகலைப் பக்கம் ஒரு தேயிலை, ரப்பர் தோட்டத்தில் இருந்தோம். லயம் என்றால் காம்பரா என்கிற ஒற்றை அறைகளின் வரிசை. தொண்ணூற்றேழு, தொண்ணூற்றெட்டு வாக்கில். லயத்துக்கு மேலே இருந்த மேமலையில் எந்நேரமும் பனிமூட்டம். அதற்கு அந்தப் பக்கம் மின்னாலி என்று ஒரு நாடு இருப்பதாக அக்கா என்னை நம்ப வைத்திருந்தாள். அவளுக்கு வாய் நீளம். கற்பனை அதைவிட நீளம்.

மின்னாலியில் இரண்டு நிலா. ஒன்று அக்கா நிலா, இன்னொன்று தங்கச்சி நிலா. மாதம் முழுக்கச் சண்டை போட்டுக்கொண்டு ஆளுக்கொரு திசையில் திரியும். போயா அன்றைக்கு மட்டும் சமாதானமாகி, தங்கச்சி அக்காவின் முதுகுக்குப் பின்னால் ஒளிந்தபடி கூடவே வரும். அதனால்தான் நம் கண்ணுக்கு ஒன்றுதான் தெரிகிறதாம்...

அன்றைக்கு அந்த நாட்டில் ஒரு சட்டம். ஒவ்வொருவரும் ஏதாவது ஒன்று கேட்கலாம். கேட்டவரிடம் யாரும் 'இல்லை' என்று மறுத்துச் சொல்லக்கூடாது. ஆனால் நிலா கண்ணில் பட வேண்டும். மேகம் மூடினால் சட்டம் செல்லாது. எங்கள் பக்கத்து மழை உங்களுக்குத் தெரியும்தானே... பாதிப் போயா மழையிலேயே போய்விடும்.

இந்தக் கூத்தில் அம்மாவும் சேர்ந்துகொண்டதுதான் அதிசயம். மலையேறி இறங்கிக் கொழுந்து பறிக்கிற மனுஷி, நாங்கள் கேட்பதையெல்லாம் சிரிக்காமல் கொடுப்பார். ரொட்டிக்குச் சீனி, சடைக்கு ரிப்பன்... ஒருமுறை அவர் மலைக்கு இடுப்பில் கட்டிப்போகும் படங்குச் சாக்கை நான் கேட்டு வாங்கிச் சுற்றிக்கொண்டு ராணி மாதிரி நடந்தேன்.

"ஒங்களுக்கு என்னம்மா வேணும்?" என்றால், "எனக்கென்ன புள்ள... அது கெடக்கட்டும், பொறகு கேட்டுக்கிறேன்" என்பார். எப்போதும் அதே பதில்தான்.

அக்கா ஓ லெவல் பரீட்சை பாஸாகி மேலே படிக்கப் போன வருஷம், ரப்பர் பால் வெட்டப் போன அப்பா வழுக்கி விழுந்து காலை உடைத்துக்கொண்டார். அம்மாவின் சம்பளத்தில்தான் நாலு பேரும் சாப்பிட வேண்டும். ஒருநாள் அக்கா புத்தகங்களைக் கட்டிக் கட்டிலுக்கு அடியில் தள்ளிவிட்டு, தோட்டத்தில் வேலைக்குப் பேர் பதியப் போவதாகச் சொன்னாள். பேர் பதிந்தால் அப்புறம் கொழுந்துக்கூடைதான்.

"பாஸாகிட்டு மலைக்கு வர்றேங்கிறியே, ஒனக்கென்ன கிறுக்கா?" என்று அம்மா கத்தினார். அப்பா கெஞ்சிப் பார்த்தார். ம்ஹூம்...

"நீங்க ஒத்தையா கஷ்டப்படுறதப் பாத்துக்கிட்டு என்னால படிக்க முடியாதும்மா." அக்கா ஒரே பிடியாக நின்றாள். திங்கட்கிழமை தோட்டத்து ஆபீசுக்குப் போவதென்று முடிவாகிவிட்டது.

அதற்கு முந்தின நாள் போயா. மத்தியானம் பிடித்த மழை பொழுது சாயும்போது விட்டது. வானம் மட்டும் மூடியே கிடந்தது. அம்மா அடுப்பை விட்டுவிட்டு, தலையில் ஒரு துண்டைப் போட்டுக்கொண்டு வாசலில் போய் நின்றார். உள்ளே ரொட்டி கருகியது.

"அங்க என்னத்தப் பாத்துக்கிட்டு நிக்கிற?" என்று அப்பா கேட்டார். அம்மா திரும்பவே இல்லை. எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. அக்காவுக்கு விளங்கியிருக்க வேண்டும்... அவள் காம்பராவை விட்டு வெளியே வரவில்லை.

மேகம் கொஞ்சம் விலகியது. மேமலைக்கு மேலே நிலாவின் ஓரம் தெரிந்தது. அவ்வளவுதான்.

"புள்ள, வெளிய வாடி!"

அம்மா போட்ட சத்தத்தில் பக்கத்துக் காம்பராக்காரர்களும் எட்டிப் பார்த்தார்கள். அக்காவின் கையைப் பிடித்து இழுத்து வந்து வானத்தைக் காட்டினார்.

"இத்தன நாளா நான் ஒண்ணும் கேக்கல. இன்னிக்குக் கேக்குறேன். நாளைக்கு நீ ஸ்கூலுக்குப் போகணும். இல்லேன்னு சொல்லக்கூடாது. நீ போட்ட சட்டந்தான்டி இது!"

அக்கா அழுதாள். அழுதுகொண்டே, சரி என்பதற்கு எங்கள் பக்கம் சொல்கிற மாதிரி, "ஹரி, போறேன்" என்றாள். எதற்கென்று தெரியாமல் நானும் சேர்ந்து அழுதேன். கருகின ரொட்டியைத்தான் அன்றைக்கு எல்லோரும் தின்றோம். அந்த ருசி இன்னும் நாக்கில் இருக்கிறது.

இன்றைக்கு அக்கா இரத்தினபுரியில் பார்மசிஸ்ட். அவள் சம்பாதித்து என்னைப் படிக்க வைத்தாள். கொழும்பில் ஏசி ஆபீசில் உட்கார்ந்து இதை எழுதுகிறேன் என்றால், அம்மா அந்த ஈரத்தில் மேகம் விலகும்வரை நின்றதால்தான். எப்படி நன்றி சொல்வதென்று தெரியவில்லை. இங்கே போயா என்றால் லீவு... அவ்வளவுதான். நிலாவைப் பார்க்க மொட்டைமாடிக்கு ஏற வேண்டும்.

அப்பா போய்ச் சேர்ந்துவிட்டார். அம்மா இன்னும் அதே லயத்தில். போன போயாவுக்கு நாங்கள் இரண்டு பேரும் போயிருந்தோம்.

"அம்மா, இந்தத் தடவ நான் கேக்குறேன். எங்களோட வந்து இருங்க. இல்லேன்னு சொல்லக்கூடாது" என்றாள் அக்கா.

அம்மா வாசலுக்கு வந்து அண்ணாந்து பார்த்தார். நல்ல மழை.

"நெலா எங்கடி? சட்டம் செல்லாது" என்று சொல்லிவிட்டு ரொட்டி தட்டப் போய்விட்டார்.