டூப்பின் முகம்

கராத்தே படம் என்றால் நான்தான் என்றிருந்த எழுபதுகள். நானே நடிப்பேன், நானே இயக்குவேன், செட்டில் நானே எல்லோர் மேலும் எரிந்து விழுவேன். சுவரொட்டியில் ஆகாயத்தில் நிற்கிற கால் பாதி நேரம் என்னுடையதே இல்லை. ஏற்காட்டுப் பக்கம் வாழவந்தியிலிருந்து வந்த ஒருவன் எனக்கு டூப். அம்மா காப்பி எஸ்டேட்டில் பழம் பறிப்பவர். அவனுக்கு என் உயரம், என் தோள். முகம் மட்டும் வேறு.

டூப் கேமராவுக்கு முகம் காட்டக் கூடாது. எகிறினாலும் விழுந்தாலும் முதுகுதான். அத்தனை படத்திலும் அவன் மூக்கு நுனிகூடத் தெரிந்ததில்லை. அவ்வளவு கெட்டிக்காரன்.

அவன் ஊருக்குப் பக்கத்திலேயே படப்பிடிப்பு. பாறையிலிருந்து வைக்கோல் மெத்தையில் குதிக்க வேண்டும். பனி மூடிக்கொண்டு வந்தது. வெளிச்சம் போய்விடுமே என்று நான்தான் விரட்டினேன். குதித்தவன் மெத்தை ஓரத்தில் விழுந்து உருண்டு, கேமராவை நேராகப் பார்த்தபடி கிடந்தான்.

எனக்கு வந்ததே கோபம்! “மூஞ்சியத் திருப்புடா கழுதை, ஷாட் வீணாப் போகுது!” என்று கத்தினேன். மறுபடியும் கத்தினேன். அவன் திருப்பவில்லை. கழுத்து முறிந்து அப்போதே உயிர் போயிருந்தது. செத்தவனைத் திட்டிய பாவி நான்.

காரியத்தன்று அவன் அம்மா ஒன்றுதான் கேட்டார். “ஏனுங்க, அவன் விழுகறத மட்டும் படத்துல வெச்சுராதீங்க. சனங்க விசிலடிப்பாங்க, எனக்குத் தாங்காதுங்க.”

“சத்தியமா வைக்க மாட்டேம்மா” என்றேன். வைத்தேன். வேறு ஷாட் இல்லை. ஒரு நொடி முகம், யாருக்குத் தெரியப்போகிறது என்று எனக்கே சமாதானம் சொல்லிக்கொண்டேன். அந்தக் காட்சிக்காகவே படம் ஓடியது.

என் சத்தியத்தை நம்பி அவர் சேலத்துக்குப் பஸ் ஏறிப் படம் பார்த்துவிட்டார் என்று தெரியவந்தது. மன்னிப்புக் கேட்க வாழவந்திக்கு ஓடினேன். வீடு பூட்டியிருந்தது. தினமும் சேலத்துக்குத்தான் போகிறார் என்றார்கள். சாயங்காலம் பஸ்ஸிலிருந்து இறங்கினார்.

“உங்கள ஏமாத்திட்டேம்மா” என்று அழுதேன்.

“மொத நாளு நொம்பத் துடிச்சுப்போனனுங்க. ஆனா அவன் மூஞ்சி வேற எந்தப் படத்துலயும் இல்லீங்களே. அந்த எடம் வர்றப்ப காதப் பொத்திக்கிட்டுப் பாத்துக்குவனுங்க.” என் கையைப் பிடித்துக்கொண்டார். “படத்த எடுத்துருவாங்களாமா? இன்னும் பத்து நாளு ஓட்டச் சொல்லுங்க சாமி.”

தியேட்டர்காரரிடம் போய்க் கெஞ்சினேன். வெள்ளிக்கிழமை வேறு படம் போட்டுவிட்டார்கள்.