சுவர்ப் பக்கம் திரும்பிச் சொன்னது

“வீட்டுலேர்ந்து ஒரே ஒரு ஆள ஸ்கூலுக்கு அனுப்புற. அதுவும் டிவியில இருக்கிற பூனைகிட்டதான் பாடம் கேக்குது லா, அக்கா” என்றார் மாமா என் அம்மாவிடம். எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். மாமா சொன்னதும் பாதி உண்மைதான்.

அந்தக் கார்ட்டூன் பூனை எதற்கும் கட்டுப்படாது. வெறும் சுவரில் கதவு வரைந்து, அதைத் திறந்துகொண்டு போய்விடும். துரத்தி வரும் நாயை நிற்க வைத்துவிட்டு எங்கள் பக்கம் திரும்பி, “இப்ப பாருங்க, இவன ஏமாத்தப் போறேன்” என்று சொல்லும். பக்கத்திலேயே நிற்கும் நாய்க்குக் கேட்கவே கேட்காது. முகத்தைத் திருப்பிச் சொன்னால் பக்கத்தில் இருப்பவருக்குக் கேட்காது என்று நானும் முடிவு செய்துகொண்டேன்.

மூன்றாம் வகுப்பில், பள்ளி இரவலாகத் தந்த அறிவியல் புத்தகத்தில் ஒரு பூனை வரைந்தேன். அது அடுத்த பக்கத்துக்குத் தப்பிக்க வேண்டுமே என்று கத்தரியால் ஓட்டையும் போட்டேன். அம்மா மறுநாள் வர வேண்டும் என்று டீச்சர் கடிதம் கொடுத்தார். இன்னொரு புகார் வந்தால், தான் வாங்கித் தந்த டிவியைத் தூக்கிக்கொண்டு போய்விடுவதாக மாமா ஏற்கெனவே சொல்லியிருந்தார்.

அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது. சூலியா தெரு சாப்பாட்டுக் கடையில் வேலை முடித்து வந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார். கடிதத்தைப் பிரித்து, கம்பீரமாக வாசித்தேன்.

“நான் நல்லாப் படிக்கிறேனாம்மா. பாராட்டணுமாம். நாளைக்கு உங்கள வரச் சொல்றாங்க.”

பிறகு சுவர்ப் பக்கம் திரும்பி, என்னைப் பார்த்துக்கொண்டிருக்கும் நேயர்களிடம் சொன்னேன்: “உண்மையில ஸ்கூல் புக்குல ஓட்டை போட்டுட்டேன். அம்மாகிட்ட சொல்லிடாதீங்க.”

வெங்காயம் உரித்த கை ஒரு நொடி நின்றது. பிறகு உரித்தது. அவ்வளவுதான்.

மறுநாள் டீச்சர் புத்தகத்தை விரித்தார். அம்மா பையிலிருந்து பசையையும் வெள்ளைத் தாளையும் எடுத்து மேசையில் வைத்தார்.

“ஒட்டிக் குடுத்துடுறோம், டீச்சர். என் தம்பி காதுக்கு மட்டும் போக வேணாம்.”

டீச்சர் பக்கத்தைத் திருப்பினார். ஓட்டைக்கு அந்தப் புறம் நான் வரைந்த பூனையின் வால் மட்டும் இருந்தது. சிரித்துவிட்டார்.

டிவி தப்பியது. வீடுவரை துள்ளிக்கொண்டே வந்தேன். மகளுக்குப் பாராட்டு வாங்கப் போகிறவர் எதற்குப் பசை எடுத்து வந்தார் என்று ஒருமுறைகூட யோசிக்கவில்லை.

இப்போது அனிமேஷன் படித்து முடித்திருக்கிறேன். என் முதல் குறும்படத்தில் பூனை நம்மிடம் இரகசியம் பேசும்போதெல்லாம், ஓரத்தில் வெங்காயம் உரிக்கும் ஒரு கை ஒரு நொடி நிற்கும். நாய்க்குக் குரல் கொடுத்தவர் மாமா. போன வாரம் படத்தை ஒரு திரைப்பட விழாவுக்கு அனுப்பிவிட்டேன்.